மருந்தேற்றிய ப்ளைவுட்டில் பெயிண்ட் ஏன் நிற்பதில்லை?

வெளியில் நிற்கப்போகும் ஒரு பெட்டிக்கு மழையும் கரையானும் தொல்லை தரக்கூடாது என்று மருந்தேற்றிய ப்ளைவுட் வாங்கினேன். அதே வாரம் அறுத்து, அதே வாரம் பெயிண்டும் அடித்து முடித்தாயிற்று. இரண்டு மாதத்தில் கதவின் கீழ்ப்பாதி முழுக்கச் சின்னச் சின்னக் கொப்புளங்கள். ஒன்றை ஆணி முனையால் குத்திப் பார்த்தேன், உள்ளேயிருந்து ஒரு சொட்டுத் தண்ணீர் வந்தது, லேசான பச்சை நிறத்தில். அந்த இரண்டு மாதமும் மழையே கிடையாது. அந்தத் தண்ணீர் ஷீட்டோடு சேர்ந்தே வந்திருக்கிறது, நான்தான் பெயிண்ட் அடித்து அதை உள்ளே பூட்டி வைத்திருக்கிறேன்.

இந்த மாதிரி நடந்தால் எல்லாரும் சொல்லும் பதில் ஒன்றுதான்: "மருந்து போட்ட மரத்தில் பெயிண்ட் பிடிக்காது." பாதிக்கு மேல் தவறான பதில் இது. நன்றாகக் காய்ந்த, மருந்தேற்றிய மரத்தில் பெயிண்ட் சாதாரண மரத்தில் பிடிப்பதுபோலவே பிடிக்கும். பிரச்சினை இரண்டு இடத்தில் இருக்கிறது. ஒன்று, மருந்தோடு உள்ளே போன தண்ணீர். இன்னொன்று, ப்ளைவுட் உருவாகிற விதம். இரண்டாவதைப் பற்றி யாருமே பேசுவதில்லை, ஆனால் ஆறு மாதம், ஒரு வருடம் கழித்து வருகிற உரிசலுக்கு அதுதான் பெரும்பாலும் காரணம்.

முதலில் தண்ணீர். மருந்தை பிரஷ்ஷில் தொட்டுப் பூசினால் மேல்தோலோடு நின்றுவிடும். அதனால் ஷீட்டுகளை ஒரு நீளமான இரும்பு உருளைக்குள் அடுக்கி, கதவை மூடி, உள்ளே இருக்கும் காற்றை உறிஞ்சி எடுப்பார்கள். மரத்தின் நுண்ணறைகளுக்குள் இருக்கும் காற்றும் அதோடு வெளியே வந்துவிடும். பிறகு மருந்துக் கரைசலை உள்ளே விட்டு அழுத்தத்தை ஏற்றுவார்கள். பொதுவாகச் சதுர அங்குலத்துக்கு 150 பவுண்டு வரை, அதாவது கார் டயரில் இருப்பதைப்போல நான்கைந்து மடங்கு. காலியாகக் கிடக்கும் அறைகளுக்குள் கரைசல் அடித்துக்கொண்டு போய் நிரம்பும். இந்த முறைக்கு ஜான் பெத்தல் என்பவர் 1838-இல் காப்புரிமை வாங்கினார், அடிப்படை இன்றைக்கும் மாறவில்லை. கவனிக்கவேண்டியது என்னவென்றால், அந்தக் கரைசலில் பெரும்பகுதி வெறும் தண்ணீர். மருந்து அதில் பயணம் செய்கிறது, அவ்வளவுதான். உருளையிலிருந்து வெளியே வரும்போது மரத்தின் காய்ந்த எடையில் பாதிக்கும் மேல் தண்ணீர் இருந்தாலும் ஆச்சரியமில்லை. புதிதாக வந்த ஷீட்டைத் தனி ஆளாகத் தூக்கிப் பார்த்தவர்களுக்கு இதை விளக்கவே வேண்டாம்.

பெத்தல் காலத்தில் உள்ளே ஏற்றியது கிரியோசோட் எனும் தார் எண்ணெய். ரயில் தண்டவாளக் கட்டைகளுக்கு அது பிரமாதம், ஆனால் மேலே எந்தப் பெயிண்டும் நிற்காது, எண்ணெய் கசிந்து கசிந்து மேலே வந்து நிறத்தைக் கெடுத்துவிடும். "மருந்து போட்ட மரத்தில் பெயிண்ட் பிடிக்காது" என்ற பேச்சுக்கு வேர் அங்கே இருக்கலாம் என்பது என் ஊகம். 1933-இல் சோண்டி காமேசன் என்ற இந்திய வேதியியலாளர் தாமிரம், குரோமியம், ஆர்சனிக் மூன்றையும் சேர்த்து, தண்ணீரில் கரைந்து உள்ளே போய் மரத்தோடு பிணைந்துகொள்கிற ஒரு மருந்தைக் கண்டுபிடித்தார். சிசிஏ என்று சொல்வார்கள். உலகம் முழுக்கப் பல பத்தாண்டுகள் இதுதான் ஓடியது. இதில் எண்ணெய்க் கசிவு இல்லை, பெயிண்ட் அழகாக நின்றது. அதற்கும் மேலாக, அதிலிருந்த குரோமியம் வெயிலின் புற ஊதாக் கதிரிலிருந்து மரத்தின் மேற்பரப்பையும் ஓரளவு காப்பாற்றியது. அது யாரும் திட்டமிட்டுச் சேர்த்த குணம் இல்லை, தானாகக் கிடைத்த கூடுதல் லாபம்.

ஆர்சனிக் என்றால் விஷம், அதனால் எதிர்ப்பு வந்தது. அமெரிக்காவில் 2003-ஆம் ஆண்டு முடிவோடு வீட்டு உபயோக மரங்களுக்குப் பெரும்பாலும் இதை நிறுத்திவிட்டார்கள். அதற்குப் பிறகு வந்தவை தாமிரத்தை முக்கியமாக வைத்து, கூடவே ஒரு பூஞ்சைக்கொல்லியைச் சேர்த்த மருந்துகள், ஏசிக்யூ, காப்பர் அசோல் போன்றவை. ஷீட்டில் தெரியும் பச்சைச் சாயல் தாமிரத்துடையது. ஆர்சனிக் போனது நல்லதுதான், கூடவே குரோமியமும் போய்விட்டது. "வாங்கிவந்து ஆறு மாதம் வெளியில் போட்டுவைத்து அப்புறம் பெயிண்ட் அடி" என்று பழைய ஆட்கள் சொல்வது குரோமியம் இருந்த காலத்து அறிவுரை. அன்றைக்கு அது ஒப்பேறியது, இன்றைய ஷீட்டுக்கு அப்படியே பொருந்தாது. ஏன் என்று பிறகு சொல்கிறேன்.

இப்போது ப்ளைவுட்டுக்கு வருவோம். ஒரு பென்சிலைச் சீவி, சுருண்டு விழும் சீவலை எடுத்து மேசைமேல் வைத்து விரலால் தட்டையாக அழுத்திப் பாருங்கள். மர இழையின் போக்கில் கோடு கோடாக விரிசல் விடும், கொஞ்சம் அழுத்தினால் துண்டாகவே போய்விடும். ப்ளைவுட் தயாரிப்பில் நடப்பதும் கிட்டத்தட்ட இதுதான். மரத்துண்டைச் சுழற்றி, நீளமான கத்தியை வைத்து, பாயைச் சுருளிலிருந்து விரிப்பதுபோல மரத்தை மெல்லிய தகடாக உரிக்கிறார்கள். வளைந்து கிடந்த மரம் நேராக்கப்படும்போது அதன் உட்பக்கம் முழுக்க மயிரிழை விரிசல்கள் விழுகின்றன. கண்ணுக்குத் தெரியாது, ஆனால் ஒவ்வொரு தகட்டிலும் உண்டு. அழுத்தத்தில் மருந்தை ஏற்றும்போது இதே விரிசல்கள் வழியாகத்தான் கரைசல் சுலபமாக உள்ளே போகிறது, அந்த வகையில் உபகாரம்தான். பெயிண்டைப் பொறுத்தவரை அவைதான் வில்லன்.

மரம் காயும்போது இழையின் நீளவாக்கில் அநேகமாகச் சுருங்காது, குறுக்குவாக்கில் சுருங்கும். பச்சை மரம் முழுசாகக் காய்ந்தால் நீளவாக்கில் 0.1, 0.2 சதவீதம், குறுக்கே மர வகையைப் பொறுத்து 6, 8 சதவீதம்கூடப் போகும். ப்ளைவுட்டில் தகடுகளை ஒன்றுக்கொன்று குறுக்காக ஒட்டியிருக்கிறார்கள் இல்லையா? மேல்தகடு குறுக்கே சுருங்கப் பார்க்கும், அடியில் இருக்கிற தகட்டுக்கு அந்தத் திசை நீளவாக்கு, அது அசையாது, ஒட்டு வேறு இறுக்கிப் பிடித்திருக்கிறது. சுருங்கவும் முடியாமல் விடவும் முடியாமல் மேல்தகடு ஏற்கெனவே இருக்கும் மயிரிழை விரிசல்களில் கிழிகிறது. நனைந்தால் மூடும், காய்ந்தால் திறக்கும், ஒவ்வொரு சுற்றுக்கும் கொஞ்சம் ஆழமாகும். மேலே ஒட்டியிருக்கும் பெயிண்ட் படலம் இதற்கு ஈடுகொடுக்கவேண்டும், கொடுக்க முடியாத அன்றைக்கு அதுவும் சேர்ந்து கீறிக்கொள்ளும், கீறல் வழியாகத் தண்ணீர் இறங்கும், பிறகு செதில் செதிலாக வரும். சாதாரண ப்ளைவுட்டுக்கும் இதே கதைதான், ஆனால் மருந்தேற்றிய ஷீட் உங்கள் கைக்கு வருவதற்கு முன்பே ஒருமுறை தொப்பலாக நனைந்து ஒருமுறை காய்ந்திருக்கிறது, அல்லது இனிமேல்தான் காயப்போகிறது. முதல் சுற்று ஏற்கெனவே தொடங்கிவிட்ட ஆள் அது.

பைன் போன்ற மரங்களில் இன்னொரு தொல்லையும் உண்டு. வருட வளையத்தில் வெளிர்பட்டை, கரும்பட்டை என்று மாறி மாறி இருக்கும், கரும்பட்டை அடர்த்தியானது, பெயிண்ட் அதில் ஊறாது. உரித்தெடுத்த தகட்டில் இந்தக் கரும்பட்டைகள் அகலமாக, மலைத்தொடர் வரைபடம்போல விரிந்து கிடக்கும். பெயிண்ட் முதலில் விடுபடுகிற இடம் பெரும்பாலும் இந்தக் கரும்பட்டைகள்தான்.

சரி, அப்போ காயவைத்துவிட்டு அடித்தால் ஆயிற்று என்பீர்கள். ஆமாம், ஆனால் எங்கே காயவைப்பது என்பதில்தான் ஒரு சிக்கல். வெயிலில் போட்டால் சீக்கிரம் காயும். வெயில் பட்டுக்கொண்டே இருந்தால் மரத்தின் மேற்பரப்பில் இழைகளைப் பிடித்துவைத்திருக்கும் லிக்னின் சிதைய ஆரம்பித்துவிடும். பெயிண்ட் அடிக்காமல் மூன்று நான்கு வாரம் வெயிலில் கிடந்த மரத்தில், அப்புறம் அடிக்கும் பெயிண்டின் பிடிப்பு குறைவதைச் சோதனைகளில் பார்த்திருக்கிறார்கள். பெயிண்ட் மரத்தில் பிடித்திருக்கும், மரத்தின் மேல்தோல் மரத்தில் பிடித்திருக்காது. உரிந்து விழுந்த பெயிண்ட் செதிலைத் திருப்பிப் பார்த்தால் அடியில் பஞ்சுபோல மரத்தூசி ஒட்டியிருந்தால் காரணம் இதுதான். குரோமியம் இருந்த காலத்தில் இந்தச் சிதைவு மெதுவாக நடந்தது, அதனால் ஆறு மாதக் காத்திருப்பு பெரிய குற்றமாகத் தெரியவில்லை. இன்றைய ஷீட்டை அத்தனை நாள் வெயிலில் போட்டால் காய்ந்தும் பிரயோஜனம் இருக்காது.

ஆகக் காற்று வேண்டும், நேர் வெயில் கூடாது. கூரைக்குக் கீழே, தரையிலிருந்து உயர்த்தி, ஷீட்டுக்கும் ஷீட்டுக்கும் நடுவில் ஒரே பருமனான குச்சிகளைச் செங்குத்தாக ஒன்றன்மேல் ஒன்றாக வரும்படி வைத்து அடுக்கவேண்டும். குச்சிகள் முன்னும் பின்னுமாக இருந்தால் ஷீட் அலைபோலக் காயும், பிறகு எந்த ஸ்க்ரூவும் அதை நேராக்காது. மேல் ஷீட்டின்மீது ஏதாவது பாரம். எத்தனை நாள் என்று கேட்டால், சில வாரத்திலிருந்து சில மாதம் வரை, ஷீட்டின் பருமனையும் காற்றின் ஈரத்தையும் பொறுத்தது. மருந்தேற்றியபின் சூளையில் காயவைத்த ஷீட் கிடைத்தால் கூடுதல் பணம் கொடுத்தாவது அதையே வாங்கிவிடுவது நல்லது, ஷீட்டில் கே.டி.ஏ.டி. என்று முத்திரை இருக்கும். சூளைக்குப் போய்வந்ததில் ஈரம் 20 சதவீதத்துக்குக் கீழே வந்திருக்கும், பெயிண்டுக்கு 15 பக்கம் வந்தால் நிம்மதி. வாங்கியபிறகு அதை மழையில் போட்டுவிட்டு முத்திரையை நம்பிக்கொண்டிருக்கக் கூடாது.

காய்ந்ததா என்று பார்க்கத் தண்ணீர் தெளித்துப் பார்ப்பது பழைய வழி. சில சொட்டு விட்டுப் பத்து நிமிடத்தில் உறிஞ்சிக்கொண்டால் சரி, முத்து முத்தாக நின்றால் இன்னும் ஈரம் இருக்கிறது, அல்லது மருந்தோடு மெழுகு மாதிரி நீர்விலக்கி கலந்திருக்கிறார்கள். ஆனால் இது மேல்தோலின் கதையை மட்டும்தான் சொல்லும். முள் குத்திப் பார்க்கும் ஈரமானி மின்தடையை வைத்துக் கணக்கிடுகிறது, மருந்தின் உலோக உப்புகள் மின்சாரத்தைக் கடத்துவதால் இருப்பதைவிட அதிக ஈரம் காட்டும். நான் செய்வது வேறு. ஷீட்டின் நடுப்பகுதியிலிருந்து உள்ளங்கை அளவு ஒரு துண்டு அறுத்து, அதன் நாலு விளிம்பையும் பெயிண்டால் மூடிவிடுவேன், ஏனென்றால் விளிம்பு வழியாகச் சின்னத் துண்டு சீக்கிரம் காய்ந்து நம்மை ஏமாற்றும். அதை அடுக்கோடு அடுக்காக வைத்து வாரம் ஒருமுறை கிராம் காட்டும் தராசில் எடை போடுவேன். கடைசியாகச் செய்தபோது 118, 109, 104, 101 என்று இறங்கி, அடுத்த இரண்டு வாரமும் 101-லேயே நின்றது. எடை நின்றால் மரம் சுற்றியிருக்கும் காற்றோடு சமாதானமாகிவிட்டது என்று அர்த்தம். அவசரப்பட்டு அந்தத் துண்டைச் சமையல் அவனில் வைத்துக் காயவைக்கவேண்டாம், உள்ளே இருப்பது மருந்து.

காய்ந்தபிறகு மேலே வெள்ளையாகவோ பச்சையாகவோ உப்புப் பூத்திருந்தால் பிரஷ்ஷால் தேய்த்துக் கழுவி மறுபடி காயவிடவேண்டும். உப்புத்தாள் போடுவது லேசாக ஒரு கை மட்டும். மேல்தகடு பல ஷீட்டுகளில் ஒன்றிரண்டு மில்லிமீட்டர்தான், ஆசையாகத் தேய்த்தால் அடுத்த தகடு தெரிந்துவிடும். தேய்க்கும்போதும் அறுக்கும்போதும் முகமூடி, கண்ணாடி கட்டாயம். சிசிஏ ஏற்றிய மரமாக இருந்து அதில் பழைய பெயிண்ட் இருந்தால் தேய்க்கவே வேண்டாம் என்பேன், வருவது ஆர்சனிக் கலந்த தூசி. அறுத்த துண்டுகளை அடுப்பில் போடுவதும் கூடாது, புகையும் ஆபத்து, சாம்பலும் ஆபத்து.

பெயிண்ட் எது என்பதில் எனக்குச் சந்தேகமே இல்லை: வெளிப்புறத்துக்கான அக்ரிலிக், அடியில் அக்ரிலிக் ப்ரைமர். எண்ணெய் இனாமல் முதல் வருடம் கண்ணாடிபோல மின்னும், பார்க்க அழகுதான், ஆனால் வருடம் ஏற ஏற இறுகி உடையும் தன்மைக்கு வந்துவிடும். திறந்து மூடும் விரிசலுக்கு மேலே இறுகிய படலம் என்ன ஆகும் என்று சொல்லவேண்டியதில்லை. அக்ரிலிக் இழுபடும், உள்ளே மிச்சமிருக்கும் ஈரத்தை ஆவியாக வெளியேவும் விடும். வெளிர் நிறமாக இருந்தால் இன்னும் நல்லது, கருநீலம், கரும்பழுப்பு எல்லாம் வெயிலில் சூடேறி மரத்தை அதிகமாகக் காயவைத்து விரிசலைத் திறக்கும். ப்ரைமர் ஒரு கோட், மேலே இரண்டு கோட், எல்லாம் காய்ந்தபிறகு மொத்தப் பருமன் ஒரு மில்லிமீட்டரில் பத்தில் ஒரு பங்குதான் இருக்கும், ஒரே கோட்டில் அந்தப் பருமனைக் கொண்டுவரப் பார்த்தால் வடியும். ப்ரைமர் அடித்துவிட்டு மாதக்கணக்கில் விட்டுவைக்கக் கூடாது, இரண்டு வாரத்துக்குள் மேல்கோட் போட்டுவிடவேண்டும். விரிசல்களைக் கெட்டியான பட்டி வைத்து மூடும் பழக்கம் சிலருக்கு உண்டு. அடுத்த சுற்றில் பட்டி பொரிந்து வந்துவிடும்.

விளிம்பு. ஒரு ஷீட்டில் எனக்கு அதிகக் கவலை தரும் இடம் இதுதான். ப்ளைவுட்டின் விளிம்பைப் பார்த்தால் ஒன்றுவிட்டு ஒன்றாக இழைகளின் வெட்டுமுனை தெரியும், ஒரு கட்டு உறிஞ்சுகுழாயை முனையிலிருந்து பார்ப்பதுபோல. மற்ற பக்கங்களைவிடப் பல மடங்கு வேகமாகத் தண்ணீர் அங்கேதான் ஏறும். நீங்கள் அறுத்த விளிம்பில் மருந்து குறைவாகச் சென்ற உட்பகுதி வெளியே வந்திருக்கலாம், அதனால் அறுத்த இடத்தில் எல்லாம் காப்பர் நாஃப்தனேட் போன்ற மருந்தைத் தாராளமாகத் தடவி, நன்றாகக் காயவிட்டு, பிறகு ப்ரைமர். வெளிர் பெயிண்ட் என்றால் அதன் பச்சை மேலே தெரியக்கூடும், நிறமில்லாத ஜிங்க் நாஃப்தனேட் அங்கே பொருந்தும். கூர்மையான மூலையில் ஈரப் பெயிண்ட் விலகி மெலிந்துபோகும், ஆகையால் விளிம்பை இரண்டு மூன்று மில்லிமீட்டர் உருட்டிவிடவேண்டும். விளிம்புக்கு மட்டும் ப்ரைமர் இரண்டு மூன்று தடவை, ஊறி நிற்கிறவரை.

ஆணி, ஸ்க்ரூ விஷயத்திலும் ஏமாறக் கூடாது. தாமிரமும் இரும்பும் ஈரத்தில் சேர்ந்திருந்தால் இரும்புதான் அரிக்கப்படும். புதிய தாமிர மருந்துகளில் இது பழையதைவிட மோசம். பளபளவென்று மெல்லிய மின்முலாம் பூசிய ஸ்க்ரூ போட்டால் சில மாதத்தில் துருக்கறை பெயிண்ட் வழியாகக் கண்ணீர்க் கோடுபோல இறங்கும். உருக்கிய துத்தநாகத்தில் முக்கியெடுத்தது அல்லது ஸ்டெயின்லெஸ் ஸ்டீல், வேறு வழியில்லை.

எல்லா மருந்தும் தாமிரம் இல்லை என்பதையும் சொல்லவேண்டும். போரேட் எனும் போரான் உப்பு ஏற்றிய ப்ளைவுட்டில் கதை தலைகீழ்: போரேட் மரத்தோடு பிணைந்துகொள்ளாது, தண்ணீர் தொடர்ந்து பட்டால் கரைந்து போய்விடும், ஆகவே அங்கே பெயிண்ட்தான் மருந்தைக் காப்பாற்றுகிறது. தீத்தடுப்பு மருந்து ஏற்றிய ஷீட் முற்றிலும் வேறு சாதி. உட்புறத்துக்கான வகைகளில் இருக்கும் உப்புகள் காற்றிலிருந்தே ஈரத்தை இழுக்கும், பெயிண்டுக்கு அடியில் பூக்கும். அதை வெளியில் பயன்படுத்தக் கூடாது, பெயிண்ட் அடிப்பதற்கு முன் தயாரித்தவர்களின் குறிப்பைப் பார்த்துவிடவேண்டும்.

மேல்தகட்டில் விரிசல் ஏற்கெனவே நகம் நுழைகிற அளவுக்கு இருந்தால், பெயிண்டையே விட்டுவிடுங்கள் என்பேன். படலமாக நிற்காமல் மரத்துக்குள் ஊறும் எண்ணெய் ஸ்டெயின் போதும். படலம் இல்லை என்றால் உரிவதற்கும் ஒன்றும் இல்லை, தேய்ந்து மங்கும், மறுபடி ஒரு கை பூசினால் முடிந்தது. கட்டாயம் பெயிண்ட்தான் வேண்டும், வழவழப்பாகவும் இருக்கவேண்டும் என்றால், பிசின் ஊறிய காகிதத்தை மேலே ஒட்டிவரும் எம்.டி.ஓ. என்ற ப்ளைவுட் இருக்கிறது, விரிசல் அந்தக் காகிதத்துக்கு அடியிலேயே அடங்கிவிடும். பெயர்ப் பலகை செய்பவர்கள் பல காலமாக அதைத்தான் வாங்குகிறார்கள்.

என் பெட்டிக்கு நடந்தது இது. கதவைக் கழற்றி, கொப்புளம் வந்த பெயிண்டைச் சுரண்டியால் தள்ளி எடுத்து, நிழலில் ஏழு வாரம் நிறுத்தினேன். கீழ் விளிம்பு தரையைத் தொடாதபடி இரண்டு விரல் அளவு அறுத்துவிட்டு, அறுத்த இடத்துக்கு மருந்தும் மூன்று கோட் ப்ரைமரும் கொடுத்தேன். இப்போது அது மூன்றாவது வருடத்தில் நிற்கிறது. கொப்புளம் வரவில்லை. நடுவில் ஒரு சாண் நீளத்துக்கு ஒரு மயிரிழைக் கீறல் மட்டும் தெரிகிறது, கரும்பட்டை ஓரமாகவே போகிறது.